ஜமைக்காவின் மரூன்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மரூன்கள் என்பவர்கள் யார்?

அடிமைத் தோட்டங்களிலிருந்து தப்பி ஓடி, காட்டிலும் மலையிலும் ஊர் அமைத்து, சொந்தத் தலைவர், சொந்தப் படை, சொந்த விளைநிலம் என்று வாழ்ந்த ஆப்பிரிக்கர்களும் அவர்களுடைய வாரிசுகளும்தான் மரூன்கள். அமெரிக்கக் கண்டங்களில் அடிமை முறை எங்கெல்லாம் இருந்ததோ அங்கெல்லாம் இப்படிப்பட்ட ஊர்கள் இருந்தன. பெரும்பாலானவை சில ஆண்டுகளிலேயே கண்டுபிடிக்கப்பட்டு எரிக்கப்பட்டன. ஜமைக்காவிலோ பிரிட்டிஷ் அரசு அடித்துப் பார்த்து, முடியாமல், கடைசியில் உட்கார்ந்து பேசி எழுத்தில் ஒப்பந்தம் போட வேண்டியிருந்தது. அந்த ஊர்களில் சில இன்றும் இருக்கின்றன. அதனால் இங்கே ஜமைக்கா கதையைத்தான் விரிவாகச் சொல்லப் போகிறேன்.

இது எப்போது தொடங்கியது?

ஜமைக்கா முதலில் ஸ்பெயினிடம் இருந்தது. 1655இல் ஆங்கிலேயர்கள் தீவைப் பிடித்தார்கள். அந்தக் குழப்பத்தில் ஸ்பானியர்களின் அடிமைகள் பலர் மலைக்குள் போய்விட்டார்கள். அவர்களில் ஒரு தலைவர் ஹுவான் தே போலாஸ். முதலில் ஸ்பானியர்களுக்கு உதவினார். 1660இல் ஆங்கிலேயர் பக்கம் சேர்ந்தார். பதிலுக்கு அவருக்கும் அவருடைய ஆட்களுக்கும் சுதந்திரமும் நிலமும் கிடைத்தன. பிறகு, ஆங்கிலேயருக்குப் பணியாத இன்னொரு மரூன் கூட்டம் அவரைப் பதுங்கித் தாக்கிக் கொன்றது. எசமானோடு சமாதானம் செய்துகொள்ளலாமா, கூடாதா என்ற சண்டை மரூன்களுக்குள்ளேயே அன்றைக்கே ஆரம்பித்துவிட்டது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

அப்புறம் கரும்பு வந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து கப்பல் கப்பலாக மனிதர்களைக் கொண்டுவந்து இறக்கினார்கள். 1690இல் கிளாரண்டன் பகுதியின் சட்டன் தோட்டத்தில் நூற்றுக்கணக்கானோர் கிளர்ந்தெழுந்தார்கள். ஆயுதங்களோடு தப்பியவர்கள் மேற்கு மலைகளுக்குள் மறைந்தார்கள். 1730 அளவில் தீவில் வெள்ளையர்கள் சுமார் 8,000 பேர், அடிமைகள் சுமார் 75,000 பேர். வெள்ளையர்களின் தூக்கம் ஏன் கெட்டது என்பதற்கு இந்தக் கணக்கே போதும்.

மரூன்கள் எல்லாரும் ஒரே கூட்டமா?

இல்லை. இரண்டு பெரிய பிரிவுகள். மேற்கே காக்பிட் கன்ட்ரி என்ற சுண்ணாம்புக்கல் மலைப்பகுதியில் குட்ஜோ என்பவரின் தலைமையில் ஒரு பிரிவு. கிழக்கே, இன்று காபிக்குப் பெயர்போன புளூ மவுண்டன் மலைத்தொடரில் இன்னொரு பிரிவு. அங்கே ஒரே தலைவர் இல்லை, குவாவோ போன்ற பல படைத்தலைவர்கள் இருந்தார்கள். நானி என்ற பெண்ணின் பெயரால் அழைக்கப்பட்ட நானி டவுன் அங்கேதான் இருந்தது. இரண்டு பிரிவுகளிலும் இன்றைய கானா பகுதியைச் சேர்ந்த அக்கான் மக்களின் செல்வாக்கு அதிகம். ஆனால் பல இனத்தவரும் அங்கே கலந்திருந்தார்கள். தோட்டத்திலேயே பிறந்தவர்களும் வந்து சேர்ந்தார்கள்.

இவர்களுக்குள் எப்போதும் ஒற்றுமை இருந்தது என்று எழுதுவது சுகமாக இருக்கும், ஆனால் உண்மை அப்படியில்லை. நானி டவுன் விழுந்த பிறகு கிழக்குப் பிரிவில் ஒரு பகுதியினர் தீவின் குறுக்கே நெடுந்தூரம் நடந்து குட்ஜோவிடம் போனார்கள். அவர் அவர்களை நிரந்தரமாக வைத்துக்கொள்ளச் சம்மதிக்கவில்லை. திரும்பிவிட்டார்கள்.

பிரிட்டிஷ் படையால் ஏன் ஜெயிக்க முடியவில்லை?

முதல் காரணம் நிலம். பணியாரச் சட்டியைக் கவிழ்த்து வைத்ததுபோல் குன்றும் குழியுமாக இருக்கிற இடம் காக்பிட் கன்ட்ரி. ஒவ்வொரு குழிக்கும் ஒடுக்கமான வழி ஒன்றோ இரண்டோதான். அந்த வழியில் சிவப்புக் கோட்டுச் சிப்பாய்கள் வரிசையாக வரும்போது மேலேயிருந்து சுடுவதற்குப் பத்துப் பேர் போதும். மரூன்கள் உடம்பெல்லாம் இலை தழைகளைக் கட்டிக்கொண்டு நின்றதால் பக்கத்தில் வரும்வரை மரமா ஆளா என்று தெரியாது. ஒரு ரவுண்டு சுட்டுவிட்டு மறைந்துவிடுவார்கள். பின்னால் துரத்திப் போனால் அங்கே இன்னொரு கூட்டம் காத்திருக்கும்.

இரண்டாவது, செய்தி. அபெங் என்ற மாட்டுக்கொம்பு ஊதல் அவர்களுடைய தந்தி. பக்கவாட்டுத் துளையில் வாய் வைத்து ஊத வேண்டும். யார் வருகிறார்கள், எந்த வழியாக வருகிறார்கள் என்பதையெல்லாம் அதன் ஒலி மாற்றங்களிலேயே சொல்லிவிடுவார்கள். சிப்பாய்களுக்குக் கேட்கும், புரியாது.

மூன்றாவதுதான் என்னைப் பொறுத்தவரை முக்கியம். தோட்டங்களுக்குள்ளேயே அவர்களுக்கு ஆட்கள் இருந்தார்கள். எந்தப் படை எப்போது கிளம்புகிறது என்ற தகவல் அடிமைக் குடிசைகள் வழியாக மலைக்குப் போனது. சந்தை நாட்களில் கூட்டத்தோடு கூட்டமாக வந்து வெடிமருந்து வாங்கிக்கொண்டு போனார்கள். தாக்குதல் நடத்திய தோட்டங்களிலிருந்து துப்பாக்கி கிடைத்தது. ஆக, கீழே இருந்த அடிமைகள் இல்லாமல் மேலே மரூன் இல்லை.

ஜிப்ரால்டரிலிருந்து இரண்டு ரெஜிமென்ட்களை வரவழைத்தார்கள். அவர்களில் பலரைக் காய்ச்சலும் ரம்மும் தின்றன. மத்திய அமெரிக்கக் கரையிலிருந்து மிஸ்கிடோ பழங்குடியினரைத் தடம் பார்க்கக் கொண்டுவந்தார்கள். 1734இல் கேப்டன் ஸ்டோடர்ட் சிறு பீரங்கிகளை மலைமேல் ஏற்றி நானி டவுனைப் பிடித்தார். ஊர் போனது, மக்கள் போகவில்லை. வேறு இடங்களில் குடியேறிச் சண்டையைத் தொடர்ந்தார்கள். இந்தப் போருக்காக ஜமைக்கா சட்டசபை 44 சட்டங்கள் போட்டது என்றும், குறைந்தது 2,40,000 பவுண்டு செலவானது என்றும் அந்த நூற்றாண்டிலேயே கணக்கு எழுதி வைத்திருக்கிறார்கள்.

காட்டில் என்ன சாப்பிட்டார்கள்?

வாழை, சேனை வகைக் கிழங்குகள், சோளம், இவற்றோடு காட்டுப்பன்றி. விவசாயத்தில் பெரும்பகுதி பெண்களின் உழைப்பு. பிரிட்டிஷ் படைகள் ஆட்களைப் பிடிக்க முடியாதபோதெல்லாம் தோட்டந்துரவுகளைத்தான் அழித்தன. அதனால் ஊருக்கு வெளியேயும் ஒளிவிடங்களில் பயிர் வைத்திருந்தார்கள். மசாலா தடவி, பிமென்டோ மர நெருப்பில் மெதுவாகப் புகையூட்டும் 'ஜெர்க்' இறைச்சி இன்று உலகம் முழுக்க ஜமைக்காவின் அடையாளம். அது மரூன்கள் பன்றி இறைச்சியைப் பதப்படுத்திய முறையிலிருந்து வந்தது.

நானி உண்மையில் வாழ்ந்தவரா, கட்டுக்கதையா?

வாழ்ந்தவர். ஆனால் எழுத்தில் அவரைப் பற்றிக் கிடைப்பது கொஞ்சம்தான், அதுவும் ஒன்றுக்கொன்று ஒத்துவராது. 1733இல் ஜமைக்கா சட்டசபைக் குறிப்பு ஒன்று, 'கலகக்காரர்களின் ஓபியாக்காரக் கிழவி' நானியைக் கொன்றதற்காக அரசுப் பக்கம் போரிட்ட ஓர் அடிமைக்குப் பரிசு தரச் சொல்கிறது. ஓபியா என்றால் கரீபியனின் மாந்திரீக, மூலிகை மரபு. சரி, செத்துவிட்டார் என்று நினைத்தால், 1740-41இல் 'நானிக்கும் அவருடன் வசிக்கும் மக்களுக்கும்' 500 ஏக்கர் நிலப்பட்டா எழுதப்படுகிறது! முதல் குறிப்பு பொய்யா, அல்லது நானி என்ற பெயரில் இருவர் இருந்தார்களா என்று வரலாற்றாசிரியர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். பரிசுப் பணத்துக்காக ஆளைக் கொன்றேன் என்று சொல்வது எந்தக் காலத்திலும் நடப்பதுதானே என்று எனக்குத் தோன்றுகிறது.

மரூன் மக்களின் வாய்மொழிக் கதைகளில் நானி வேறு உயரத்தில் இருக்கிறார். எதிரியின் தோட்டாக்களைப் பிடித்துத் திருப்பி அனுப்புவார். நெருப்பே இல்லாமல் கொதிக்கும் அவருடைய அண்டாவை எட்டிப் பார்த்த சிப்பாய்கள் மயங்கி உள்ளே விழுவார்கள். பஞ்சத்தில் சரணடையலாமா என்று யோசித்துக்கொண்டே தூங்கியவர், விழித்தபோது பையில் பூசணி விதைகள் இருந்தனவாம்; விதைத்ததும் ஒரே வாரத்தில் காய்த்ததாம். பம்ப்கின் ஹில் என்ற குன்றை இன்றும் காட்டுகிறார்கள். பட்டினி போட்டுத்தான் பணிய வைக்கப் பார்த்தார்கள் என்பதை வைத்துப் பார்த்தால், இது வெறும் அதிசயக் கதையில்லை.

1739 ஒப்பந்தத்தில் என்ன இருந்தது?

ஆளுநர் எட்வர்ட் ட்ரெலானியின் காலம். அவர் சார்பில் கர்னல் ஜான் கத்ரி மேற்கே போய் குட்ஜோவுடன் பேசினார். 1739 மார்ச் 1ஆம் தேதி கையெழுத்தானது. அதன்பின் கிழக்குப் பிரிவின் குவாவோவுடனும் தனி ஒப்பந்தம்.

குட்ஜோவுக்குக் கிடைத்தவை: அவருக்கும் அவருடைய மக்களுக்கும் என்றென்றைக்கும் சுதந்திரம்; 1,500 ஏக்கர் நிலம்; காபி, கோகோ, இஞ்சி, புகையிலை, பருத்தி பயிரிடவும் ஆடு மாடு பன்றி வளர்க்கவும் உரிமை; வெள்ளையர் குடியிருப்புகளிலிருந்து மூன்று மைல் தள்ளி வேட்டை உரிமை. பயிர்ப் பட்டியலில் கரும்பு இல்லை என்பதைக் கவனியுங்கள். பணம் கொழிக்கும் பயிரைத் தோட்ட முதலாளிகள் விட்டுக்கொடுப்பார்களா? ஊருக்குள் நடக்கும் குற்றங்களைத் தலைவரே விசாரிக்கலாம், மரண தண்டனை மட்டும் கூடாது.

குட்ஜோ கொடுத்தவை: அந்நியப் படை வந்தால் பிரிட்டிஷாருக்குத் துணை நிற்க வேண்டும். இரண்டு வெள்ளையர்கள் மரூன்களுடனேயே தங்குவார்கள். கலகம் செய்யும் கறுப்பர்களை அடக்க உதவ வேண்டும். இனிமேல் தப்பி வரும் அடிமைகளைப் பிடித்து ஒப்படைக்க வேண்டும், அதற்குக் கூலி உண்டு. முந்தைய இரண்டு ஆண்டுகளுக்குள் வந்து சேர்ந்தவர்கள் விரும்பினால் மன்னிப்போடு பழைய எசமானிடம் திரும்பலாம். விரும்பாதவர்கள் குட்ஜோவின் கீழேயே இருக்க வேண்டும்.

குட்ஜோ வெள்ளைக்காரன் காலில் விழுந்தாராமே?

1803இல் வெளியான ஓர் ஆங்கில நூல் அப்படி வருணிக்கிறது. நிகழ்ந்து அறுபது ஆண்டுகளுக்கு மேல் கழித்து எழுதப்பட்டது அது. மரூன்கள் சொல்லும் கதையில் காலில் விழுவது கிடையாது. இரு தரப்பும் கையைக் கீறி, ரத்தத்தை ரம்மோடு கலந்து, சுரைக்குடுவையில் ஊற்றிக் குடித்துச் சத்தியம் செய்தார்கள் என்கிறார்கள். அவர்களுக்கு இது ரத்தத்தில் எழுதிய உடன்படிக்கை, மீறக்கூடாதது. எதிர்த் தரப்புக்குக் கையெழுத்துப் போட்ட காகிதம், சட்டசபை நினைத்தால் திருத்தலாம். பின்னால் வந்த எல்லாச் சிக்கலும் இந்த வித்தியாசத்திலிருந்து வந்ததுதான்.

அப்படியானால் மரூன்கள் துரோகிகளா?

ஜமைக்காவிலேயே இன்னும் சூடாகப் பேசப்படும் கேள்வி இது. நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். 1760இல் செயின்ட் மேரி பகுதியில் டாக்கி என்பவரின் தலைமையில் பெரும் அடிமைக் கிளர்ச்சி வெடித்தது. அதை அடக்க மரூன்கள் போனார்கள். டாக்கியைச் சுட்டுக் கொன்றவர் ஸ்காட்ஸ் ஹால் என்ற ஊரின் மரூன் டேவி. 1831-32இல் சாம் ஷார்ப் தலைமையில் நடந்த கிளர்ச்சியின்போதும் மரூன்கள் அரசுப் பக்கம். 1865இல், அடிமை முறையே ஒழிந்து ஒரு தலைமுறை ஆன பிறகு, மோரன்ட் பே என்ற ஊரில் ஏழை விவசாயிகளின் எழுச்சிக்குத் தலைமை தாங்கிய பால் போகிளைப் பிடித்து ஒப்படைத்தவர்களும் மரூன்கள். அவரைத் தூக்கிலிட்டார்கள். அந்த அடக்குமுறையில் 400க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள்.

மறுபக்கத்தையும் பார்க்கலாம். எண்பதாண்டுகளுக்கு மேல் ஓடிக்கொண்டும் சண்டை போட்டுக்கொண்டும் இருந்தவர்கள். 'கறுப்பர்கள்' என்று மொத்தமாக ஓர் இனமாகத் தங்களை அவர்கள் பார்க்கவில்லை. தன் ஊர், தன் சத்தியம் என்பதுதான் கணக்கு. ஒப்பந்தத்தில் சேராமல் இருந்திருந்தால் அடுத்த படையெடுப்பில் குழந்தைகளோடு அழிந்திருக்கலாம். மலைமேல் சுதந்திரமான கறுப்பர்கள் இருக்கிறார்கள் என்ற செய்தியே கீழே இருந்தவர்களுக்கு ஒரு நம்பிக்கை என்றும் வாதிடுகிறார்கள்.

என் கருத்து இது: 'துரோகி' என்ற வார்த்தையில் பிரிட்டிஷ் அரசு தப்பித்துக்கொள்கிறது. படையால் முடியாததை ஒரு நிபந்தனையால் சாதித்தது அந்த அரசு. மலைக்கும் குடிசைக்கும் இருந்த ரகசியத் தொடர்புதான் மரூன்களின் பலம் என்று மேலே சொன்னேன் அல்லவா? அந்தத் தொடர்பைத்தான் ஒப்பந்தம் அறுத்தது. அதே சமயம், பிடிபட்டு மீண்டும் சாட்டையடிக்குப் போன ஒருவரிடம் இந்த விளக்கத்தைச் சொல்ல முடியாது. நானியைக் கொண்டாடும் பலர் இந்தப் பகுதியைச் சத்தமில்லாமல் தாண்டிப் போவது எனக்கு உவப்பாக இல்லை.

ஒப்பந்தம் இருந்தும் 1795இல் ஏன் மீண்டும் போர்?

பன்றித் திருட்டில் தொடங்கியது. மேற்கே குட்ஜோவின் ஊராக இருந்த ட்ரெலானி டவுனின் மரூன்கள் இருவர் பன்றி திருடியதாக மான்டெகோ பே நகரத்தில் பிடிபட்டு, பொது இடத்தில் சாட்டையடி பெற்றார்கள். அடித்தவர் ஓர் அடிமை. முன்பு மரூன்களே பிடித்துக் கொடுத்த ஆள் என்கிறார்கள். தங்கள் ஆட்களைத் தாங்களே தண்டிக்க வேண்டும் என்ற உரிமை மீறப்பட்டதோடு அவமானமும் சேர்ந்தது. நிலப் பற்றாக்குறை பற்றிய குறை வேறு ஏற்கெனவே இருந்தது.

புது ஆளுநர் பால்கரஸ் பிரபு பேச்சுவார்த்தைக்கு இடம் கொடுக்கவில்லை. பக்கத்துத் தீவில், இன்றைய ஹெய்ட்டியில், 1791இலிருந்து அடிமைப் புரட்சி எரிந்துகொண்டிருந்தது. அது இங்கேயும் பரவிவிடும் என்ற பீதி அவருக்கு. சில நூறு மரூன் வீரர்களுக்கு எதிராக ஆயிரக்கணக்கான சிப்பாய்களும் மிலிஷியா என்ற உள்ளூர்க் குடிப்படையும் இறங்கியும் மாதக்கணக்கில் ஒன்றும் நடக்கவில்லை. அக்கம்பாங் ஊர் மரூன்கள் இந்தப் போரில் ட்ரெலானி டவுனுடன் சேரவில்லை.

கடைசியில் கியூபாவிலிருந்து மனித வேட்டைக்குப் பழக்கிய சுமார் 100 நாய்களை இறக்கினார்கள். அவற்றை ஏவிவிட வேண்டிய தேவை வரவில்லை. வந்துவிட்டன என்ற செய்தியே போதுமாக இருந்தது. பிரிட்டிஷ் பாராளுமன்றத்திலேயே இதற்குக் கண்டனம் எழுந்தது. தளபதி ஜார்ஜ் வால்போல், 'தீவைவிட்டு அனுப்ப மாட்டோம்' என்று வாக்குக் கொடுத்து மரூன்களைச் சரணடைய வைத்தார். பால்கரஸ் குறித்த கெடு சில நாட்கள்தான். பெரும்பாலோர் அதற்குள் வந்து சேரவில்லை. அதையே சாக்காக வைத்து அவர்களை நாடு கடத்த முடிவானது. வால்போல் கொதித்துப் போனார். சட்டசபை அவருக்கு 500 கினி (அன்றைய பிரிட்டிஷ் பொற்காசு) மதிப்புள்ள வாள் ஒன்றைப் பரிசாக அறிவித்தபோது வாங்க மறுத்துவிட்டார்.

நாடு கடத்தப்பட்டவர்கள் என்ன ஆனார்கள்?

1796இல் 550க்கும் மேற்பட்டோரை மூன்று கப்பல்களில் கனடாவின் ஹாலிஃபாக்ஸ் நகரத்துக்கு அனுப்பினார்கள். கரீபிய வெயிலில் வளர்ந்தவர்களுக்கு அங்கே பனி. ஹாலிஃபாக்ஸ் கோட்டைச் சுவர் கட்டும் வேலையில் அவர்களை ஈடுபடுத்தினார்கள். உருளைக்கிழங்கும் குளிரும் வேண்டாம், வெப்பமான இடத்துக்கு அனுப்புங்கள் என்று மனு மேல் மனு போட்டார்கள்.

1800இல் கப்பலேற்றி மேற்கு ஆப்பிரிக்காவின் சியரா லியோனுக்கு அனுப்பினார்கள். அங்கே ஃப்ரீடவுனில், முன்பே கனடாவிலிருந்து வந்து குடியேறிய கறுப்பர்கள் நிர்வாகத்துக்கு எதிராகக் கிளர்ந்திருந்த நேரம். மரூன்கள் இறங்கியதுமே அந்தக் கிளர்ச்சியை அடக்கப் பயன்படுத்தப்பட்டார்கள். தங்களை ஏமாற்றி நாடு கடத்திய அதே பிரிட்டிஷாருக்காக! அவர்கள் கட்டிய செயின்ட் ஜான்ஸ் மரூன் தேவாலயம் இன்றும் ஃப்ரீடவுனில் இருக்கிறது. அடிமை முறை ஒழிந்தபின் சிலர் மட்டும் ஜமைக்காவுக்குத் திரும்பினார்கள்.

வேறு நாடுகளிலும் இப்படி ஒப்பந்தங்கள் உண்டா?

உண்டு, நிபந்தனையும் பெரும்பாலும் அதேதான். டச்சுக்காரர்கள் சுரினாமில் 1760இல் என்ஜுகா மரூன்களோடும் 1762இல் சரமாக்கா மரூன்களோடும் சமாதானம் செய்தார்கள். புதிதாகத் தப்பி வருபவர்களைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்பது அங்கேயும் இருந்தது. பிரேசிலில் பல்மாரஸ் என்ற மரூன் குடியிருப்பில் 1678இல் தலைவர் கங்கா சூம்பா போர்த்துகீசியரோடு இதுபோல் ஒத்துக்கொண்டார். அங்கே இன்னொரு தலைவரான சூம்பி ஏற்கவில்லை, போரைத் தொடர்ந்தார். 1694இல் பல்மாரஸ் வீழ்ந்தது. 1695 நவம்பர் 20இல் சூம்பி கொல்லப்பட்டார். பிரேசில் அந்த நாளைக் கறுப்பின விழிப்புணர்வு நாளாகக் கடைப்பிடிக்கிறது.

உசைன் போல்ட் மரூனா?

அடிக்கடி வரும் கேள்வி! அவர் பிறந்த ஷெர்வுட் கன்டென்ட் கிராமம் காக்பிட் கன்ட்ரியின் வடக்கு ஓரத்தில் இருக்கிறது என்பது உண்மை. ஆனால் பக்கத்து ஊர்க்காரர் என்பதற்காக மரூன் ஆகிவிட மாட்டார்.

இன்று மரூன்கள் எப்படி இருக்கிறார்கள்?

மேற்கே அக்கம்பாங், கிழக்கே மூர் டவுன், சார்ல்ஸ் டவுன், ஸ்காட்ஸ் ஹால் என நான்கு சமூகங்கள் இருக்கின்றன. தலைவரைப் பெரும்பாலும் 'கர்னல்' என்றே அழைக்கிறார்கள். நானி 1970களில் நாட்டின் தேசிய வீரர்களில் ஒருவராக அறிவிக்கப்பட்டார். அந்தப் பட்டியலில் ஒரே பெண் அவர்தான், 500 டாலர் நோட்டில் அவருடைய படம் இருக்கிறது. அதே பட்டியலில் சாம் ஷார்ப்பும் பால் போகிளும் இருக்கிறார்கள். மூர் டவுனின் இசையும் சடங்குகளும் யுனெஸ்கோ பட்டியலில் உள்ளன. முன்னோரை அழைக்கும்போது பேசும் க்ரோமான்டி மொழி அந்தச் சடங்குகளில் இன்னும் ஒலிக்கிறது.

அரசோடு இழுபறி தீரவில்லை. 1739 ஒப்பந்தப்படி தங்கள் நிலத்துக்கு வரி கிடையாது, தாங்கள் தனி இறையாண்மை உள்ளவர்கள் என்கிறது அக்கம்பாங் தரப்பு. ஜமைக்காவுக்குள் இன்னொரு நாடு கிடையாது என்கிறது அரசு. காக்பிட் கன்ட்ரியில் பாக்சைட் என்ற அலுமினியத் தாது தோண்டுவதா வேண்டாமா என்பதில் சண்டை இன்னும் கூர்மையாகிறது. 2017இல் அரசு அறிவித்த பாதுகாப்பு எல்லை போதாது என்று மரூன்களும் சூழலியல் ஆர்வலர்களும் எதிர்த்தார்கள்.

வெளியாட்கள் போய்ப் பார்க்கலாமா?

தாராளமாக. ஜனவரி 6 அன்று அக்கம்பாங்கில் ஆண்டு விழா. குட்ஜோவின் நினைவாக நடக்கிறது. காலையில் கிண்டா என்ற பழைய மாமரத்தடியில் கூடுவார்கள்; கடாப்பன்றியை உப்பில்லாமல் சமைத்து முன்னோருக்குப் படைப்பார்கள்; அபெங் ஊதி, பறை முழங்க ஊர்வலம் போகும். சடங்கின் சில பகுதிகள் மரூன்களுக்கு மட்டுமே, அங்கே கேமராவைத் தூக்கிக்கொண்டு போகக் கூடாது. மான்டெகோ பேயிலிருந்து கார் பிடித்துப் போகிறவர்கள் அதிகம். மலைப்பாதை மோசம், விழா நாளில் நெரிசலும் சேரும், அதிகாலையிலேயே கிளம்பிவிடுங்கள்.